இரண்டாம் படத்து இயக்குநர்

ஜப்பானிய ஸ்டூடியோக்களின் கதை – 17

சூதாட்ட விடுதியில் ஒரு தகராறு. கதாநாயகனாக நடிக்கும் அகிரா கொபயாஷி வாளை உருவுகிறார். எதிரே வந்த இருவர் வெட்டுப்பட்டுச் சரிகிறார்கள். இதுவரை நடந்தது எந்த யாகுசா (ஜப்பானிய ரவுடிக் கும்பல்) படத்திலும் நடப்பதுதான். அடுத்த நொடி, அறையைச் சுற்றியிருந்த காகிதக் கதவுகள் அப்படியே சாய்ந்து விழுகின்றன. கதவு போனால் பின்னால் ஒரு தாழ்வாரம் தெரிய வேண்டும், இல்லையென்றால் தோட்டம் தெரிய வேண்டும். இங்கே ஒன்றும் இல்லை. மேலிருந்து கீழ்வரை சிவப்பு. அந்தச் சிவப்புக்கு நடுவே ஒரு மனிதன் தனியாக நிற்கிறான்.

1963இல் வந்த 'கான்டோ நாடோடி' படத்தில் இந்தக் காட்சி வருகிறது. முதல் தடவை பார்த்தபோது நான் படத்தை நிறுத்தி, பின்னால் ஓட்டி, மறுபடி பார்த்தேன். கதை அந்தச் சிவப்பைக் கேட்கவில்லை. வசனமும் கேட்கவில்லை. கொலை செய்துவிட்ட ஒருவனுக்கு இனி வீடு என்று எதுவும் இல்லை என்பதை, வீட்டையே கழற்றிப் போட்டுக் காட்டிவிட்டார் இயக்குநர். அவர் பெயர் செய்ஜுன் சுசுகி.

போன வாரம், நிக்காட்சு நிறுவனம் 1954இல் மறுபடி படம் எடுக்கத் தொடங்கியதோடு நிறுத்தியிருந்தோம். 1942இல் போர்க்கால அரசு திரைப்பட நிறுவனங்களை ஒன்றுசேர்த்தபோது நிக்காட்சுவின் தயாரிப்புப் பிரிவு தாயெய் என்ற புது நிறுவனத்துக்குள் போய்விட்டது. கையில் மிஞ்சியது தியேட்டர்கள் மட்டும். பன்னிரண்டு ஆண்டு கழித்து அது மறுபடி ஸ்டூடியோ திறக்கப்போகிறது என்று தெரிந்ததும், மற்ற ஐந்து பெரிய நிறுவனங்களும் தங்கள் நடிகர்களும் இயக்குநர்களும் அங்கே போகாதபடி தங்களுக்குள் ஒப்பந்தம் போட்டுக்கொண்டன. பெயர் பெற்றவர்களை இழுக்க முடியவில்லை. அதனால் நிக்காட்சு உதவி இயக்குநர்களைத் தேடிப் போனது. ஷோச்சிகு நிறுவனத்தின் ஒஃபுனா ஸ்டூடியோவில் பதவி உயர்வுக்கு வரிசையில் காத்திருந்த இளைஞர்களுக்கு அது வாசல் திறந்த மாதிரி இருந்தது. ஷோஹெய் இமாமுரா அப்படித்தான் வந்தார். சுசுகியும் அதே ஆண்டு வந்தார். பழைய சம்பளத்தைப்போல ஏறக்குறைய மூன்று மடங்கு தருவதாகச் சொல்லியிருந்தார்கள்.

அப்போது சுசுகிக்கு 31 வயது. இயற்பெயர் செய்தாரோ. 1923 மே 24 அன்று டோக்கியோவின் நிஹோன்பாஷி பகுதியில், ஜவுளி வியாபாரக் குடும்பத்தில் பிறந்தவர். வடக்கே ஹிரோசாகியில் படித்துக்கொண்டிருந்தவரை 1943இல் ராணுவம் அழைத்துக்கொண்டது. இரண்டு முறை அவர் ஏறிய கப்பல் மூழ்கியது. முதல் தடவை அமெரிக்க நீர்மூழ்கி அடித்தது; பிலிப்பைன்ஸில் போய்ச் சேர்ந்தார். இரண்டாம் தடவை தைவானுக்குப் போகும் வழியில் அமெரிக்க விமானங்கள் அடித்தன. ஏழெட்டு மணிநேரம் கடலில் மிதந்த பிறகுதான் தூக்கிவிட்டார்கள். போரைப் பற்றிப் பிற்காலத்தில் கேட்டவர்களிடம், அங்கே சாவும் சிரிப்பும் ஒரே இடத்தில் இருந்தன என்கிற மாதிரிதான் சுசுகி பேசினார். இதை நாம் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். அவர் படங்களில் ஆட்கள் சாகிற விதத்தைப் பார்த்து, இதென்ன விளையாட்டா என்று கோபப்பட்டவர்கள் உண்டு. கடலில் அத்தனை நேரம் கிடந்தவர் அவர். அந்தச் சிரிப்பு எங்கிருந்து வந்தது என்று எனக்குச் சந்தேகமே இல்லை.

1946இல் ஊர் திரும்பினார். டோக்கியோ பல்கலைக்கழக நுழைவுத் தேர்வில் தேறவில்லை. காமாகுராவில் ஒரு கல்லூரியின் திரைப்படத் துறையில் சேர்ந்தார். 1948இல் ஷோச்சிகுவின் உதவி இயக்குநர் தேர்வில் தேறினார். சினிமாதான் உயிர் என்று வந்தவர் இல்லை; வேலை கிடைத்தது, சேர்ந்தார். நிக்காட்சுவுக்கு மாறி, ஹிரோஷி நோகுச்சி என்ற அதிரடிப்பட இயக்குநரிடம் தொழில் கற்றார். 1956இல் முதல் படம். ஒரு திரைப்பாடலின் புகழை நம்பி எடுக்கிற சின்னப் படம் அது. 1958இல் 'பாதாள உலக அழகி' வெளியானபோது செய்தாரோ என்ற பெயரை மாற்றி செய்ஜுன் என்று போட்டுக்கொண்டார்.

இனி நிக்காட்சு எப்படி நடந்தது என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். இது புரியாமல் சுசுகியைப் புரிந்துகொள்ள முடியாது.

தியேட்டரில் ஒரே டிக்கெட்டுக்கு இரண்டு படம். முதல் படத்தில் யுஜிரோ இஷிஹாரா போன்ற பெரிய நட்சத்திரம் இருப்பார். பணமும் விளம்பரமும் அதற்குத்தான். இரண்டாம் படம் கூடவே வருவது, சாப்பாட்டோடு வைக்கிற தொடுகறி மாதிரி. தியேட்டர் காலியாகக் கிடக்கக் கூடாது என்பதற்காகவே இரண்டாம் படங்கள் எடுக்கப்பட்டன. சுசுகி அந்த இரண்டாம் படத்துக்காரர். பன்னிரண்டு ஆண்டில் நாற்பது படம் எடுத்தார். கதையை நிறுவனம் முடிவு செய்யும். நடிகரை நிறுவனம் முடிவு செய்யும். கறுப்பு வெள்ளையா வண்ணமா என்பதையும் நிறுவனமே சொல்லும். படப்பிடிப்புக்கு 25 நாள். படத்தொகுப்பு, டப்பிங் எல்லாவற்றுக்கும் சேர்த்து மூன்று நாள். வந்த கதையை வேண்டாம் என்று சொன்னால் வேலைக்கே ஆபத்து. அத்தனை ஆண்டில் தான் மறுத்தவை இரண்டோ மூன்றோ என்று சுசுகி சொல்லியிருக்கிறார்.

வந்த கதைகளோ ஒரே அச்சில் வார்த்தவை. இரண்டு கும்பல், நடுவே ஒரு தனியாள், ஒரு மதுவிடுதிப் பாடகி, ஒரு துரோகம், கடைசியில் துப்பாக்கிச் சண்டை. இதையே வருஷத்துக்கு மூன்று நான்கு தடவை எடுக்க வேண்டும். இப்படிப்பட்ட வேலையில் ஒரு மனிதர் அலுத்துப்போய்க் கையைத் தளர்த்திவிடலாம். அப்படித் தளர்த்தியவர்கள் எல்லா ஊர் ஸ்டூடியோவிலும் உண்டு. சுசுகி வேறு வழி பிடித்தார். தன் படத்தோடு ஓடப்போகும் முதல் படம் எது, எடுப்பவர் யார் என்று முதலில் விசாரிப்பார். அந்த இயக்குநர் எப்படி எடுப்பார் என்று ஊகித்துக்கொள்வார். தன் படம் அதைப் போல இருக்கக் கூடாது. முதல் படத்தைப் பார்த்துவிட்டு எழுந்து போக நினைக்கிற ஆளை நாற்காலியில் உட்கார வைக்க வேண்டும். அவருடைய கலைக்கொள்கை என்று ஒன்று இருந்தால் அது இந்த இடத்திலிருந்துதான் தொடங்குகிறது. தன்னைப் பெரிய கலைஞராக அவர் எங்கும் சொல்லிக்கொண்டதில்லை. படம் ரசிகரைச் சந்தோஷப்படுத்த வேண்டும், அவ்வளவுதான் என்பார்.

1963இல் இரண்டு நல்ல காரியங்கள் நடந்தன. தக்கேயோ கிமுரா என்ற கலை இயக்குநர் அவரோடு சேர்ந்தார். ஜோ ஷிஷிதோ அவர் படத்தின் கதாநாயகனாக வந்தார். ஷிஷிதோ ஒரு விசித்திரமான நடிகர். 1957இல் கன்னத்தில் அறுவை சிகிச்சை செய்து இரண்டு கன்னத்தையும் உப்ப வைத்துக்கொண்டவர். சாதாரண அழகனாக இருந்து கூட்டத்தில் தொலைந்து போவதைவிட, யாரும் மறக்க முடியாத முகம் மேல் என்று முடிவு செய்தார். அந்த முகத்துக்கு ஏற்ற இயக்குநர் சுசுகிதான்.

இருவரும் சேர்ந்த 'மிருகத்தின் இளமை' கறுப்பு வெள்ளையில் தொடங்குகிறது. ஒரு விடுதி அறையில் இரண்டு பிணம். போலீஸ்காரர்கள் எழுதிக்கொண்டிருக்கிறார்கள். மேஜைமேல் ஜாடியில் ஒரு காமெலியாப் பூ. அது மட்டும் சிவப்பு. பிறகு திரை வண்ணத்துக்குத் தாவுகிறது. இதே படத்தில் ஒரு யாகுசா கும்பலின் அலுவலகம் ஒரு சினிமா தியேட்டரின் திரைக்குப் பின்னால் இருக்கிறது. ஆட்கள் மிரட்டிப் பேசும்போது அவர்களுக்குப் பின்னால் வேறொரு படம் ஓடிக்கொண்டே இருக்கிறது. இந்தப் படத்தைத்தான் தன்னுடைய பாணி பிறந்த படம் என்று சுசுகி பின்னாளில் குறிப்பிட்டார். அதற்கு முன் இருபத்தைந்துக்கும் மேற்பட்ட படங்கள் எடுத்துவிட்டிருந்தார் என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். கைப்பழக்கம் முழுதாக வந்த பிறகுதான் அவர் உடைக்கத் தொடங்கினார்.

'சதையின் வாசல்', 1964. போர் முடிந்த டோக்கியோவில், இடிந்த கட்டடம் ஒன்றில் கூட்டாக வாழும் பாலியல் தொழிலாளிப் பெண்களின் கதை. காசு வாங்காமல் எவனிடமும் போகக் கூடாது என்பது அவர்களுக்குள் சட்டம். மீறியவளுக்கு அடி, உதை. நிறுவனம் இந்தக் கதையை எதற்காகக் கொடுத்தது என்பது தெரிந்ததுதான். கொஞ்சம் உடம்பைக் காட்டினால் கூட்டம் வரும். சுசுகி அதை வேறாக்கினார். ஒருத்திக்குச் சிவப்பு உடை, ஒருத்திக்குப் பச்சை, ஒருத்திக்கு மஞ்சள், ஒருத்திக்கு ஊதா. படம் முழுக்க அதே நிறம். கிமுரா பழைய பலகைகளைக் கொண்டு அந்த இடிபாட்டைக் கட்டினார். சாம்பல் நிற இடிபாட்டுக்குள் இந்த நான்கு நிறமும் நடமாடும்போது, பசியில் கிடந்த ஒரு நகரத்தில் இந்தப் பெண்கள் மட்டும் உயிரோடு இருப்பது போலத் தோன்றும். ஷிஷிதோ போரிலிருந்து திரும்பிய சிப்பாயாக வருகிறார். தோற்றுப்போன ராணுவத்தின் சிப்பாய். அவனைப் பற்றிச் சுசுகிக்கு யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை.

1965இல் 'பச்சை குத்திய வாழ்க்கை'. கடைசிச் சண்டை வரை ஒழுங்கான, அடக்கமான படம். சண்டை தொடங்கியதும் ஒரு கதவு திறக்கிறது, அதற்குப் பின் இன்னொரு கதவு, அதற்குப் பின் இன்னொன்று. ஒவ்வொரு அறைக்கும் ஒரு வெளிச்சம். ஒரு கட்டத்தில் தரை மறைந்து கண்ணாடியாகிறது. கேமரா கீழேயிருந்து மேலே பார்க்கிறது. இந்தப் படத்துக்குப் பிறகுதான் நிறுவனம் அவரை முதல் முறையாக எச்சரித்தது. அளவு மீறிப் போகிறீர்கள் என்றார்கள்.

அடுத்த ஆண்டு அவரிடம் தெட்சுயா வாதாரி என்ற புதுமுகத்தைக் கொடுத்தார்கள். பையனை நட்சத்திரமாக்க வேண்டும். படத்தின் பெயரிலேயே ஒரு பாட்டு, அதை அவனே பாட வேண்டும். பட்ஜெட்டைக் குறைத்தார்கள். அப்படிப் பிறந்ததுதான் 'டோக்கியோ நாடோடி'. செட் போடக் காசில்லை என்றால் செட்டே வேண்டாம் என்று முடிவு செய்தார்கள் சுசுகியும் கிமுராவும். கடைசிக் காட்சியின் மதுவிடுதி வெறும் வெள்ளை. சுவர் எங்கே முடிகிறது, தரை எங்கே தொடங்குகிறது என்று சொல்ல முடியாது. அதில் வெளிறிய உடை போட்ட வாதாரி நடந்து வருகிறார். படத்தின் தொடக்கத்தில், வெயிலில் வெளுத்துப்போன மாதிரியான கறுப்பு வெள்ளையில் அவரை அடித்துப் போடுகிறார்கள். தரையில் கிடக்கும் உடைந்த விளையாட்டுத் துப்பாக்கி மட்டும் சிவப்பு. படத்தின் முடிவில் சுசுகி ஒரு பச்சை நிலாவை வைத்திருந்தார். நிறுவனத்துக்கு அது பொறுக்கவில்லை. வேறு முடிவு எடுக்கச் சொன்னார்கள். அதற்கடுத்து அவர் அங்கே எடுத்த இரண்டு படமும் கறுப்பு வெள்ளை. நிறத்தோடு விளையாடியவரின் கையிலிருந்து நிறத்தைப் பிடுங்கிக்கொண்டார்கள்.

அந்த இரண்டில் முதலாவது 'சண்டைக்கு ஓர் இரங்கற்பா', 1966. கனேதோ ஷிந்தோ எழுதிய திரைக்கதை. 1930களில் ஒகயாமாவில் வாழும் மாணவன் ஒருவன், தங்கியிருக்கும் வீட்டுப் பெண்மீது ஏங்குகிறான். அந்த ஏக்கத்தை எங்கே கொட்டுவது என்று தெரியாமல் தெருச்சண்டைக்குப் போகிறான். முதல் பாதி முழுக்க வயிறு வலிக்கச் சிரிக்கலாம். அந்தச் சிரிப்பை அப்படியே பிடித்து இழுத்துக்கொண்டு போய், ராணுவ ஆட்சியை நோக்கி நடந்த ஒரு நாட்டின் வாசலில் சுசுகி விட்டுவிடுகிறார். சண்டை பழகிய பையன் அடுத்து எங்கே போவான் என்பதை அவர் வாயால் சொல்லவில்லை. அவருடைய படங்களில் எனக்கு மிகவும் நெருக்கமானது இதுதான். மற்றவர்கள் பெரும்பாலும் அடுத்த படத்தின் பெயரைச் சொல்வார்கள்.

அந்த அடுத்த படம், 'கொலை முத்திரை'. ஜப்பானிய மொழியில் 'கொரோஷி நோ ரக்குயின்'. மாட்டுக்கும் குற்றவாளிக்கும் பழுக்கக் காய்ச்சிய இரும்பால் போடும் சூட்டுத் தழும்புக்கு ரக்குயின் என்று பெயர். வெளியீட்டுப் பட்டியலில் ஒரு காலியிடம் விழுந்தது. கையில் இருந்த திரைக்கதை சரிப்படவில்லை. சுசுகியைக் கூப்பிட்டு, திருத்தி எழுதி எடுத்துக்கொடுங்கள் என்றார்கள். அவரும் கிமுராவும், அத்சுஷி யாமாதோயா, யோசோ தனாகா முதலிய இளைஞர்களுமாக எட்டுப் பேர் ஒரு குழுவாக இருந்தார்கள். எட்டுப் பேருக்கும் சேர்த்து ஒரே புனைபெயர்: ஹச்சிரோ குரியூ. திரைக்கதை என்ற இடத்தில் அந்தப் பெயர்தான் வருகிறது. படத்தொகுப்புக்கு ஒரே நாள் கிடைத்தது. வெளியீட்டுக்கு முதல் நாள், 1967 ஜூன் 14 அன்றுதான் படம் முடிந்தது.

கூலிக்குக் கொலை செய்பவர்களுக்குள் ஒரு தரவரிசை. ஷிஷிதோ நடிக்கும் ஹனாதா மூன்றாம் நம்பர். இவனுக்கு ஒரு பழக்கம்: சோறு வேகும் வாசனை இல்லாமல் இருக்க முடியாது. மனைவியிடம் சோறு வைக்கச் சொல்லிவிட்டுப் பாத்திரத்தின்மேல் குனிந்து ஆவியை இழுக்கிறான். உப்பிய கன்னம், மூடிய கண், எழும்பும் ஆவி. எத்தனையோ கொலைகாரர்களைத் திரையில் பார்த்திருக்கிறோம். ஒருவனாவது சோற்று வாசனைக்கு ஏங்கியதுண்டா? அவன் செய்யும் கொலைகளும் அப்படித்தான். செயற்கைக் கண் செய்பவர் ஒருவர் கைகழுவும் தொட்டிமேல் குனிகிறார். ஹனாதா கீழ்த்தளத்தில் குழாயைக் கழற்றி, குழாய் வழியாகவே சுட்டுவிடுகிறான். சிகரெட் லைட்டர் விளம்பரப் பலகைக்குப் பின்னால் ஒளிந்து, லைட்டரின் மூடி திறக்கும்போதெல்லாம் குறிபார்க்கிறான். இன்னொரு வேலையை முடித்துவிட்டு விளம்பர பலூனில் தொற்றித் தப்பிக்கிறான்.

பிறகு மழையில், மூடியில்லாத காரில் ஒரு பெண் வருகிறாள். காரின் கண்ணாடியில் செத்த பறவை ஒன்று தொங்குகிறது. மிசாகோ என்ற இந்தப் பாத்திரத்தில் நடித்தவர் அன்னு மாரி. இந்தியத் தந்தைக்கும் ஜப்பானியத் தாய்க்கும் பிறந்தவர். அவளுடைய வீட்டுச் சுவர் முழுக்கச் செத்த பட்டாம்பூச்சிகள். அவள் கொடுத்த வேலைக்காக ஹனாதா குறிபார்க்கிறான், துப்பாக்கியின் தொலைநோக்கிமேல் ஒரு பட்டாம்பூச்சி வந்து உட்கார்கிறது, குறி தவறுகிறது. அந்த ஒரு பூச்சியால் மூன்றாம் நம்பர்க்காரனின் வாழ்க்கை கவிழ்கிறது. தவறியவனை அமைப்பு உயிரோடு விடாது. முதல் நம்பர்க்காரன் அவனைக் கொல்ல வருகிறான். வந்தவன் உடனே கொல்லாமல் அவன் வீட்டிலேயே தங்கி, கூடச் சாப்பிட்டு, கூடத் தூங்கி, கைகோத்து நடக்கிறான். இப்படியொரு பயத்தை நான் வேறு படத்தில் பார்த்ததில்லை.

கூட்டம் வரவில்லை. நிறுவனத்தின் தலைவர் கியுசாகு ஹோரி படத்தைப் பார்த்துக் கொதித்துப்போனார்.

அவருடைய கோபத்துக்குப் பின்னால் ஒரு கணக்கு இருந்தது. அதையும் பார்ப்பதுதான் நியாயம். 1958இல் ஜப்பானில் 112 கோடிக்கும் மேல் சினிமா டிக்கெட் விற்றது. வீட்டுக்கு வீடு தொலைக்காட்சி வந்தது. பத்தே ஆண்டில் அது மூன்றில் ஒரு பங்குக்கும் கீழே இறங்கிவிட்டது. எல்லா ஸ்டூடியோவும் ஆட்டம் கண்டன. வசூல் குறைந்த நேரத்தில், எடுக்கிற படமும் புரியவில்லை என்றால் முதலாளிக்குக் கோபம் வரும். ஆனால் இரண்டாம் படத்தின் தோல்வியால் எந்த நிறுவனமும் முழுகாது. முழுகிக்கொண்டிருந்த கப்பலில் குறைந்த சம்பளக்காரர் ஒருவரைப் பிடித்துத் தள்ளினார்கள் என்றுதான் நான் இதைப் பார்க்கிறேன்.

1968 ஏப்ரல் 25 அன்று சுசுகிக்கு ஒரு தொலைபேசி வந்தது. பேசியவர் நிறுவனத்தின் செயலாளர் ஒருவர். இந்த மாதச் சம்பளம் உங்களுக்கு வராது என்றார். பன்னிரண்டு ஆண்டு, நாற்பது படம். முடிவைச் சொல்ல ஒரு கடிதம்கூட வரவில்லை. நண்பர்கள் இருவர் ஹோரியைப் போய்ப் பார்த்தார்கள். சுசுகியின் படங்கள் புரிவதில்லை, காசும் வருவதில்லை, அவர் இந்தத் தொழிலை விட்டுவிடலாம் என்பதுதான் பதில்.

இதே சமயத்தில் கசுகோ கவாகிதா நடத்திய திரைப்படக் கழகம் ஒன்று, சுசுகியின் 37 படங்களை வரிசையாகத் திரையிட ஏற்பாடு செய்திருந்தது. மே 10 அன்று தொடங்க வேண்டும். ஹோரி பிரிண்டுகளைத் தர மறுத்தார். புரியாத படம் எடுக்கிற நிறுவனம் என்ற பெயர் எங்களுக்கு வேண்டாம் என்றார். பார்த்தவனுக்குப் புரியவில்லை என்றால் முதலாளி வருத்தப்படலாம். பார்க்க விரும்பியவர்களையும் பார்க்கவிடாமல் பெட்டியைப் பூட்டியதுதான் ஊரைக் கிளப்பியது.

காலமும் அதற்கேற்ற காலம். டோக்கியோவின் பல்கலைக்கழகங்கள் கொந்தளித்துக்கொண்டிருந்த ஆண்டு. சனிக்கிழமை இரவுகளில் மாணவர்கள் சின்னத் தியேட்டர்களில் விடிய விடியப் படம் பார்த்தார்கள். கூட வந்த தொடுகறி என்று நிறுவனம் நினைத்த படங்களைத் தேடிப் பார்த்தவர்கள் அவர்கள். ஜூன் 7 அன்று சுசுகி வழக்குப் போட்டார். ஒப்பந்தத்தை மீறியதற்கும் படங்களை முடக்கியதற்கும் 73 லட்சத்து 80 ஆயிரம் யென் நஷ்டஈடு. பெரிய பத்திரிகைகளில் ஹோரியின் மன்னிப்பும் வெளியாக வேண்டும் என்று கேட்டார். சில நாளில் ஆதரவாளர்கள் ஊர்வலம் போனார்கள். இயக்குநர்களும் விமர்சகர்களும் மாணவர்களும் சேர்ந்து ஜூலையில் ஒரு கூட்டுப் போராட்டக் குழு அமைத்தார்கள்.

ஒரு விஷயத்தை இங்கே நின்று கவனிக்க வேண்டும். சுசுகி கொடி பிடிக்கிற ஆள் இல்லை. தன்னைக் கலகக்காரர் என்று அவர் நினைத்ததும் இல்லை. பதினாலு ஆண்டுக்கு முன் சம்பளத்துக்காக ஸ்டூடியோ மாறிய மனிதர். சம்பளத்தை நிறுத்தியதால் நீதிமன்றம் போனார். ஆனால் அவரைச் சுற்றி நின்றவர்கள் கேட்ட கேள்வி அதைவிடப் பெரியது. எடுத்து முடித்த படம் யாருக்குச் சொந்தம்? முதலாளி காசு போட்டார் என்பதால் அதை யாரும் பார்க்கக் கூடாது என்று சொல்ல அவருக்கு உரிமை உண்டா? சாட்சி சொன்ன 19 பேரில் இயக்குநர்கள் இருந்தார்கள், பத்திரிகையாளர்களும் விமர்சகர்களும் இருந்தார்கள். பொதுமக்களிலிருந்து இரண்டு சாதாரண ரசிகர்களும் இருந்தார்கள். டிக்கெட் வாங்கிப் படம் பார்த்த இரண்டு பேர் நீதிமன்றக் கூண்டில் ஏறினார்கள். அந்தப் படங்கள் தங்களுக்கு என்னவாக இருந்தன என்று சொல்ல வேண்டிய நிலை வந்தது. இந்தத் தொடருக்காகப் படித்ததில் என் மனத்தில் அதிகம் நின்றது இந்த இருவர்தான்.

வழக்கு இழுத்துக்கொண்டே போனது. அதற்குள் நிக்காட்சுவைக் கடன் நெரித்தது. 1970இல் தாயெய்யோடு சேர்ந்து விநியோகத்தைப் பொதுவாக்கிப் பார்த்தார்கள், அதுவும் நிற்கவில்லை. 1971 நவம்பரிலிருந்து நிறுவனம் 'ரோமன் போர்னோ' என்ற பெயரில் பாலுறவுப் படங்களுக்கு மாறியது. டிசம்பர் 24 அன்று வழக்கு சமரசத்தில் முடிந்தது. கேட்டது 73 லட்சம். கிடைத்தது 10 லட்சம் யென். ஹோரி மன்னிப்புக் கேட்டார். 'சண்டைக்கு ஓர் இரங்கற்பா', 'கொலை முத்திரை' இரண்டின் பிரிண்டும் டோக்கியோ தேசிய நவீன கலை அருங்காட்சியகத்தின் திரைப்பட மையத்துக்குப் போய்ச் சேர்ந்தன. புரியவில்லை என்று பூட்டிவைத்த படங்களை நாடு பாதுகாக்க வேண்டிய பொருளாக நிறுவனமே ஒப்படைத்தது.

வழக்கில் கிடைத்தது இது. தொழிலில் கிடைத்தது வேறு. முதலாளிமேல் வழக்குப் போட்டவரை எந்தப் பெரிய ஸ்டூடியோவும் வாசலில் சேர்க்கவில்லை. 1967க்குப் பிறகு பத்து ஆண்டு அவருக்குச் சினிமா இல்லை. நாற்பத்து நாலு வயதிலிருந்து ஐம்பத்து நாலு வரை, ஓர் இயக்குநரின் கை முற்றிக் கனிகிற காலம் அது. தொலைக்காட்சிக்கு வேலை செய்தார், விளம்பரப் படம் எடுத்தார், கட்டுரைகள் எழுதினார். 1977இல் ஷோச்சிகு ஒரு படம் கொடுத்தது. 'சோகமும் துயரமும்' என்ற அந்தப் படம், ஒரு கோல்ஃப் வீராங்கனையை விளம்பர நிறுவனம் நட்சத்திரமாக்குகிற கதை. ஓடவில்லை.

அவரை மீட்டவர் கெஞ்சிரோ அராத்தோ என்ற தயாரிப்பாளர். ஸ்டூடியோ பின்பலம் இல்லை. 1980இல் இருவரும் 'சிகாய்னர்வைசன்' எடுத்தார்கள். ஹியாக்கென் உச்சிதாவின் கதையைத் தழுவியது. சரசாத்தே என்ற வயலின் மேதை வாசித்த பழைய இசைத்தட்டு ஒன்று; நடுவில் அவர் ஏதோ முணுமுணுப்பது பதிவாகியிருக்கிறது. என்ன சொன்னார் என்று யாருக்கும் விளங்கவில்லை. இரண்டு நண்பர்கள் அந்தத் தட்டைத் திரும்பத் திரும்பக் கேட்கிறார்கள். அதில் ஒருவராக நடித்த தோஷியா ஃபுஜிதா, நிக்காட்சுவின் இயக்குநர். நிறுவனம் கொடுத்த கதையை எடுத்துக்கொண்டிருந்த சுசுகி முதல் தடவையாகத் தன் விருப்பத்துக்கு எடுத்த படம் இது. கலை இயக்கம் அதே கிமுரா. திரைக்கதை, அந்த எட்டுப் பேரில் ஒருவரான யோசோ தனாகா.

தியேட்டர்காரர்கள் கை விரித்தார்கள். அராத்தோ காற்றடைத்து நிறுத்தும் கூடாரம் ஒன்றைத் தயார் செய்தார். டோக்கியோ கோபுரத்தின் அடியில் அதை நிறுத்தி, அதற்குள் படத்தை ஓட்டினார். பிறகு கூடாரத்தை மடித்து வேறு ஊருக்கு எடுத்துப் போனார். மக்கள் வரிசையில் நின்றார்கள். அந்த ஆண்டு குரோசாவா 'ககெமுஷா' எடுத்திருந்தார். 'கினெமா ஜுன்போ' பத்திரிகையின் ஆண்டுப் பட்டியலில் 'ககெமுஷா' இரண்டாம் இடம். முதலிடம் கூடாரத்தில் ஓடிய படத்துக்கு. அடுத்த ஆண்டு பெர்லின் விழாவிலும் அதற்குச் சிறப்புக் குறிப்பு கிடைத்தது.

மீதியைச் சுருக்கமாகச் சொல்லலாம். 1981இல் 'ககெரோசா', 1991இல் 'யுமெஜி'. 'யுமெஜி'க்கு ஷிகேரு உமேபாயாஷி போட்ட இசையை வோங் கார்-வாய் தன்னுடைய 'இன் த மூட் ஃபார் லவ்' படத்தில் எடுத்துக்கொண்டார். இன்று உலகம் முழுக்கக் காதில் விழுகிற அந்த வயலின் அங்கிருந்து வந்தது. 1999இல் ஜிம் ஜார்முஷ் தன் 'கோஸ்ட் டாக்' படத்தில் குழாய் வழியே சுடும் காட்சியை மரியாதையோடு திரும்ப எடுத்தார். 2001இல் சுசுகியே 'கொலை முத்திரை'யின் தரவரிசையை மறுபடி கையில் எடுத்து, இம்முறை ஒரு பெண்ணை மூன்றாம் நம்பராக வைத்து 'பிஸ்டல் ஓபரா' எடுத்தார். 2005இல் எண்பத்திரண்டு வயதில், ஆட்டமும் பாட்டுமாக ஒரு ராக்கூன் இளவரசியின் கதை. அதுவே கடைசி.

2017 பிப்ரவரி 13 அன்று டோக்கியோ மருத்துவமனை ஒன்றில் நுரையீரல் நோயால் காலமானார். வயது 93. ஒன்பது நாள் கழித்து, 22ஆம் தேதி செய்தி வெளியானது. அதை வெளியிட்டது நிக்காட்சு நிறுவனம்.

(தொடரும்)